பேக்கன் சுற்றிய கடலுணவு: எங்கே தப்பியது, எப்படிச் சரிசெய்வது

பேக்கன் சுற்றிய இறாலைப் படத்தில் பார்த்தால் இதைச் செய்ய என்ன பெரிய வேலை என்று தோன்றும். இறாலை எடுத்து, பேக்கனைச் சுற்றி, ஓவனில் வைத்தால் முடிந்தது. செய்து பார்த்தவர்களுக்குத்தான் விஷயம் தெரியும். வெளியே பேக்கன் வெள்ளைக் கொழுப்போடு வழவழவென்று கிடக்கும், உள்ளே இறால் ரப்பர் மாதிரி இழுக்கும். ஒன்று வேகவே இல்லை, இன்னொன்று வெந்தே கெட்டது. இரண்டும் ஒரே துண்டில்.

இதற்குக் காரணம், இரண்டுக்கும் வேண்டிய நேரம் வேறு வேறு என்பதுதான். பேக்கன் பன்றியின் வயிற்றுப் பகுதி இறைச்சி. அதன் கொழுப்பு நிதானமாக உருகி, ஈரம் வற்றி, அப்புறம்தான் மொறுமொறுப்பு வரும். 200 டிகிரி செல்சியஸ் ஓவனில் மெல்லிய பேக்கனுக்கே 15 நிமிடத்துக்குக் குறையாமல் ஆகும். அதே சூட்டில் சும்மா வைத்த பெரிய இறால் 6 முதல் 8 நிமிடத்தில் வெந்துவிடும். இந்த இடைவெளியைக் கவனிக்காமல் விட்டால் மற்ற எதைச் சரியாகச் செய்தும் பயனில்லை. இதற்கு அடுத்த எதிரி தண்ணீர். கீழே சொல்லப்போகும் கோளாறுகளில் பெரும்பாலானவை இந்த இரண்டில் ஒன்றில்தான் போய் முடியும்.

ஒப்பிட்டுப் பார்க்க வசதியாக, நான் செய்யும் முறையை முதலில் சொல்லிவிடுகிறேன். பாக்கெட்டில் 16/20 என்று எண் போட்ட இறால் எடுத்துக்கொள்கிறேன். ஒரு பவுண்டுக்கு, அதாவது சுமார் 454 கிராமுக்கு, 16 முதல் 20 இறால் நிற்கும் என்பது அந்த எண்ணின் பொருள். எண் சிறியதாக ஆக ஆக இறால் பெரியது. மெல்லிய பேக்கனைக் குறுக்கே பாதியாக வெட்டி, தனியாக ஓவனில் 7 அல்லது 8 நிமிடம் அரைப் பதத்துக்கு வேகவைத்து ஆறவிடுவேன். ஓடும் குடலும் நீக்கிய இறாலைப் பேப்பர் டவலில் ஒற்றித் துடைத்து, பேக்கனைச் சுற்றி, டூத்பிக் குத்தி, ஃபாயில் விரித்த ட்ரேயின் மேல் கம்பித் தட்டை வைத்து அதில் அடுக்குவேன். 200 டிகிரியில் 9 முதல் 11 நிமிடம். வெளியே எடுத்து 2 நிமிடம் விட்டுப் பரிமாறுவேன். உங்கள் முறை இதிலிருந்து எங்கே விலகுகிறது என்று பார்த்தாலே பாதிக் கோளாறு பிடிபடும்.

பேக்கன் மேலே சிவந்திருக்கிறது, அடியிலும் மடிப்பிலும் வெள்ளையாக, சவசவவென்று இருக்கிறது

அதிகம் பேருக்கு வரும் கோளாறு இதுதான். மூன்று காரணங்கள் உண்டு. எது உங்களுடையது என்று பார்க்க ஒரு துண்டை எடுத்து டூத்பிக்கை உருவி, பேக்கனை மெல்ல அவிழ்த்துப் பாருங்கள்.

வெளிப்பக்கம் நன்றாக இருந்து, இறாலைத் தொட்ட உள்பக்கம் மட்டும் பச்சையாக இருந்தால் பேக்கனை முன்கூட்டியே வேகவைக்கவில்லை என்று அர்த்தம். உள்பக்கத்துக்கு நேரடி அனல் போவதே இல்லை. அங்கே இறாலின் ஈரம் இருக்கும்வரை வெப்பம் 100 டிகிரியைத் தாண்டாது. இறைச்சி நல்ல வேகத்தில் சிவந்து மணம் வர 140 டிகிரிக்கு மேல் போக வேண்டும். ஆக, உள்பக்கம் வெறும் ஆவியில் வேகிறது. எவ்வளவு நேரம் வைத்தாலும் அது மொறுமொறுக்காது. இறால்தான் இறுகிப்போகும்.

அதனால் சுற்றுவதற்கு முன்பே பேக்கனின் கொழுப்பில் பாதியை வெளியேற்றிவிட வேண்டும். இங்கே பதம் பார்ப்பதுதான் எல்லாம். பேக்கனைப் போட்டு 5 நிமிடம் ஆனதும் ஒரு துண்டை இடுக்கியால் தூக்கிப் பாருங்கள். ஆரம்பத்தில் ஈரத் துணி மாதிரித் தொங்கும். வெள்ளைக் கொழுப்பு கண்ணாடி மாதிரி ஒளி ஊடுருவும் நிறத்துக்கு மாறும். ஓரங்களில் சின்னச் சின்ன நெளிவுகள் விழும். துண்டைத் தூக்கினால் சற்று விறைப்பாக நிற்கும், ஆனால் விரலைச் சுற்றி வளைத்தால் ஒடியாமல் வளையும். இதுதான் பதம். நெளிவுகளின் உச்சியில் பழுப்புப் புள்ளி தெரிந்துவிட்டால் இன்னும் ஒரு நிமிடம்தான் இருக்கிறது, உடனே எடுங்கள். விட்டால் சுற்றும்போது ஒடியும். மைக்ரோவேவில் செய்தால் இரண்டு பேப்பர் டவல்களுக்கு நடுவே வைத்து ஒரு நிமிடம் ஓட்டி, அதன்பின் 20 விநாடிகளாகக் கூட்டிப் பாருங்கள். எடுத்த பேக்கனைக் காகிதத்தில் போட்டுக் கை பொறுக்கும் சூட்டுக்கும் கீழே ஆறவிடுங்கள். சூடாகச் சுற்றினால் இறால் அப்போதே வேக ஆரம்பித்துவிடும்.

இரண்டாவது, அடிப்பக்கம் மட்டும் வெளுத்து ஊறிக் கிடப்பது. துண்டுகள் ட்ரேயில் நேரடியாக உட்கார்ந்து, தங்கள் கொழுப்பிலும் சாற்றிலுமே ஊறியிருக்கின்றன. கம்பித் தட்டு போட்டால் தீர்ந்தது. கம்பித் தட்டு இல்லையா? ஃபாயிலைக் கசக்கி மேடு பள்ளமாக விரித்து அதன்மேல் வையுங்கள். சாறு பள்ளத்தில் இறங்கிவிடும். பாதி நேரத்தில் ஒருமுறை திருப்பிப் போடுவதும் உதவும்.

மூன்றாவது, தடிமன். கெட்டியாக வெட்டிய பேக்கன் ஏறக்குறைய 3 மில்லிமீட்டர் இருக்கும், மெல்லியது அதில் பாதி. கெட்டி பேக்கன் தட்டில் தனியாகச் சாப்பிட அருமையானது. இந்தப் பலகாரத்துக்கு அது வேண்டாம் என்பதே என் கருத்து. வீட்டில் அதுதான் இருக்கிறது என்றால் முன்வேக்காட்டை 12 நிமிடம் வரை நீட்டுங்கள். அப்புறம், பேக்கன் தன்மேல் தானே படியும் இடம் எப்போதும் வேகாது. ஒரு சுற்று, அதோடு ஒரு விரற்கடை மேல்படிவு. அதற்கு மேல் நீளம் இருந்தால் வெட்டிவிடுங்கள்.

ஏற்கனவே வெந்த ட்ரே கையில் இருக்கிறது, விருந்தாளி வாசலில் நிற்கிறார் என்றால்? ஓவனின் மேல் அனலைப் போட்டு, ட்ரேயை அனலிலிருந்து ஒரு சாண் தள்ளி வைத்து, ஒரு பக்கத்துக்கு ஒரு நிமிடம் காட்டுங்கள். கதவுப் பக்கமே நில்லுங்கள். உள்பக்கம் திருந்தாது, ஆனால் வெளிப்பக்கம் தட்டில் வைக்கும்படி ஆகிவிடும்.

இறால் ரப்பர் மாதிரி, ஸ்காலப் (ஒரு வகைச் சிப்பியின் சதை) கயிறு மாதிரி இருக்கிறது

இறால் பதமாக வெந்தால் சற்று வளைந்து ஆங்கில சி எழுத்து மாதிரி இருக்கும். தலையும் வாலும் தொட்டு வட்டமாகச் சுருண்டுவிட்டால் தாண்டிவிட்டது. பேக்கன் சுற்றியிருக்கும்போது இந்த வளைவு சரியாகத் தெரியாது. அதனால் தலைப்பக்கத்துத் தடித்த முனையைப் பாருங்கள். கண்ணாடி நிறம் போய் முத்து வெள்ளையாகி, அழுத்தினால் உறுதியாக இருந்தால் எடுத்துவிடலாம். தெர்மாமீட்டர் வைத்திருப்பவர்கள் அதே முனையில் பக்கவாட்டில் செருகிப் பாருங்கள். அமெரிக்க உணவு மற்றும் மருந்து நிர்வாகம் மீனுக்குச் சொல்லும் அளவு 63 டிகிரி. இறாலுக்கும் அதையே வைத்துக்கொள்ளலாம். அதைத் தொட்டதும் எடுங்கள். 70-க்கு மேல் போன இறாலை எந்தச் சாஸும் காப்பாற்றாது.

சின்ன இறால் வாங்கியிருந்தால் பேக்கனை என்ன முன்வேக்காடு செய்தாலும் சிரமம்தான். 41/50 அளவு இறால் 3 நிமிடத்தில் முடிந்துவிடும், அதைச் சுற்றியிருக்கும் பேக்கனுக்கு அந்த நேரம் போதாது. அதை வேறு எதற்காவது வைத்துக்கொள்ளுங்கள். இன்னொன்று, இளஞ்சிவப்பாக இருக்கும் உறைந்த இறால் பெரும்பாலும் ஏற்கனவே வெந்தது. வெந்ததை இதற்கு வாங்கவே கூடாது. பச்சை இறால் பொதுவாகச் சாம்பல் நிறத்தில் இருக்கும்.

ஸ்காலப்பில் வேறொரு விஷயம் உண்டு. விசிறி வடிவச் சிப்பி தன் ஓட்டைத் திறந்து மூடப் பயன்படுத்தும் தசைதான் நாம் சாப்பிடும் அந்த உருண்டைச் சதை. அதன் பக்கவாட்டில் ஒட்டினாற்போல் ஒரு சின்னத் துண்டு, நாடா மாதிரி, தொட்டால் மற்ற இடத்தைவிட விறைப்பாக இருக்கும். அதை உரிக்காமல் விட்டால் எவ்வளவு பதமாக வெந்தாலும் அந்த ஒரு இடம் பல்லில் இழுக்கும். கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் போதும், கிள்ளினால் தனியே வந்துவிடும். சுற்றி முடித்த பிறகு நினைவுக்கு வந்தால் அவிழ்த்துத்தான் ஆக வேண்டும்.

ஓவனின் சூட்டைக் குறைத்தால் இறால் மென்மையாக இருக்கும் என்று நினைத்து 160 டிகிரியில் வைப்பவர்கள் உண்டு. நடப்பது நேர்மாறாக இருக்கும். பேக்கன் சிவக்க இருமடங்கு நேரம் எடுக்கும், அந்த நேரம் முழுக்க இறாலும் உள்ளே வெந்துகொண்டே இருக்கும்.

ட்ரே முழுக்கத் தண்ணீர், எல்லாம் வேகவைத்தது மாதிரி இருக்கிறது

ஸ்காலப் என்றால் முதலில் சந்தேகப்பட வேண்டியது அதை எப்படிப் பதப்படுத்தினார்கள் என்பதை. பல ஸ்காலப்புகளைச் சோடியம் டிரைபாலிபாஸ்பேட் கலந்த நீரில் ஊறவைத்து விற்கிறார்கள். அது சதைக்குள் நீரைப் பிடித்து வைத்துக்கொள்ளும், எடையும் கூடும். சூடு பட்டதும் அந்த நீர் வெளியே கொட்டும். பார்த்தாலே ஓரளவு தெரியும்: ஊறவைத்தது சுண்ணாம்பு வெள்ளையாக, பளபளவென்று, பால் மாதிரி நீரில் கிடக்கும். ஊறவைக்காதது தந்த நிறத்திலோ லேசான ஆரஞ்சு, இளஞ்சிவப்புச் சாயலிலோ, தொட்டால் சற்று ஒட்டும்படி இருக்கும். பாக்கெட்டின் பின்னால் பொருள் பட்டியலில் ஸ்காலப்பைத் தவிர வேறு ஏதாவது எழுதியிருந்தாலும் தெரிந்துவிடும்.

சந்தேகமாக இருந்தால் ஒரே ஒரு ஸ்காலப்பைப் பேப்பர் டவல் விரித்த தட்டில் வைத்து மைக்ரோவேவில் 15 விநாடி ஓட்டுங்கள். அதைச் சுற்றிப் பெரிய ஈர வட்டம் பரவினால் ஊறவைத்தது. ஏறக்குறைய காய்ந்தே இருந்தால் நல்ல சரக்கு. ஒரு பானைச் சோற்றுக்கு ஒரு சோறு பதம் என்பது இங்கே அப்படியே பொருந்தும். மற்றதெல்லாம் அதே பாக்கெட்டில் வந்ததுதானே.

ஊறவைத்ததை வாங்கிவிட்டோம், என்ன செய்வது? இரண்டு அடுக்குப் பேப்பர் டவலுக்கு நடுவே வைத்து, மேலே லேசான தட்டு ஒன்றை வைத்து, ஃப்ரிட்ஜில் அரை மணி நேரம் விடுங்கள். காகிதத்தை ஒருமுறை மாற்றுங்கள். கம்பித் தட்டில்தான் வையுங்கள். பாதியில் ட்ரேயை வெளியே எடுத்துத் தேங்கிய நீரைக் கொட்டிவிடுங்கள். முழுக்கச் சரியாகாது என்றாலும் வித்தியாசம் நன்றாகவே தெரியும்.

இறாலில் நீர் வந்தால் உறைந்ததைச் சரியாக உருகவிடவில்லை. இரவே ஃப்ரிட்ஜில் எடுத்து வைப்பது நல்லது. அவசரமானால் மூடிய பையில் போட்டுக் குளிர்ந்த நீரில் அரை மணி முதல் முக்கால் மணி நேரம். எப்படி உருக்கினாலும் துடைக்காமல் சுற்றாதீர்கள். ஒருமுறை துடைத்து, காகிதத்தின்மேலேயே 10 நிமிடம் விட்டு, சுற்றும் நேரத்தில் மறுபடி ஒருமுறை. இந்த இரண்டாவது துடைப்பைத்தான் எல்லாரும் விட்டுவிடுகிறார்கள். உருகிய இறால் 10 நிமிடத்தில் மறுபடி ஈரம் கசியும்.

பேக்கனைச் சுற்றி வெள்ளை நுரை மாதிரித் திரள்கிறதா? அது கெட்டுப்போனதன் அறிகுறி இல்லை. உப்புநீரை ஊசியால் ஏற்றிப் பதப்படுத்திய பேக்கனில் அந்த நீரும் இறைச்சிப் புரதமும் சேர்ந்து அப்படி வெளியே வரும். உலர் உப்பில் பதப்படுத்தியதில் இது மிகக் குறைவு. முன்வேக்காட்டிலேயே இந்த நுரை வெளியேறிவிடும் என்பதால், அரைப் பதத்தில் எடுத்த பேக்கனைத் துடைத்துவிட்டுச் சுற்றினால் போதும்.

கடைசியாக, நெருக்கம். ஒரே ட்ரேயில் எல்லாவற்றையும் இடித்து அடுக்கினால் நடுவில் ஆவி சிக்கிக்கொள்ளும். துண்டுக்குத் துண்டு இரண்டு விரல் இடைவெளி விடுங்கள். இரண்டு தடவையாக வைத்தாலும் மொத்த நேரம் பெரிதாக அதிகமாகிவிடாது. ஓவனில் காற்றாடி இருந்தால் ஓடவிடுங்கள், ஈரம் வேகமாகக் காயும். அப்போது சூட்டை 20 டிகிரி குறைத்துக்கொள்ள வேண்டும்.

பேக்கன் அவிழ்ந்து விரிந்துவிடுகிறது

பேக்கன் வேகும்போது நன்றாகவே சுருங்கும். அது சுருங்கினால் இறுக்கித்தானே பிடிக்க வேண்டும் என்று தோன்றும். முனை பிடிப்பில்லாமல் இருந்தால் சுருக்கம் அந்த முனையைத்தான் முதலில் இழுத்துக்கொண்டு போகும். சுற்றும்போது பேக்கனை இழுத்து நீட்டிச் சுற்றியிருந்தால் இன்னும் மோசம். இழுத்ததெல்லாம் சூட்டில் திரும்பச் சுருங்கும். தளர்வாகவும் இல்லாமல் இழுக்காமலும், புடவை மடிப்பைக் கையில் பிடிப்பது மாதிரி, படிய மட்டும் வைத்துச் சுற்றுங்கள்.

டூத்பிக் குத்தும் இடம் முக்கியம். மேல்படிந்த இரண்டு அடுக்குகள் வழியாக நுழைந்து, இறாலின் சதையைக் கடந்து, மறுபக்கத்துப் பேக்கனையும் குத்தி வெளியே வர வேண்டும். மேல் அடுக்கை மட்டும் குத்தியது நிற்காது. பிறகு, முனை கீழே இருக்கும்படி வையுங்கள், துண்டின் எடையே அதை அமுக்கிப் பிடிக்கும். பச்சைப் பேக்கனைவிட முன்வேக்காடு ஆனது ஒட்டும் தன்மை குறைந்தது என்பதால் டூத்பிக் இல்லாமல் அதை நம்ப முடியாது.

சாயம் போட்டதோ, நுனியில் பிளாஸ்டிக் குஞ்சம் வைத்ததோ ஓவனுக்கு ஆகாது. வெறும் மரக் குச்சியை 20 முதல் 30 நிமிடம் தண்ணீரில் ஊறவைத்தால் சீக்கிரம் கருகாது. எத்தனை குத்தினீர்கள் என்று எண்ணி வையுங்கள். சாப்பிடக் கொடுக்கும்போது குச்சி கண்ணுக்குத் தெரியும்படி நீட்டிக்கொண்டிருக்க வேண்டும். பாதியில் ஒடிந்து உள்ளே மறைந்த குச்சி தொண்டைக்கு ஆபத்து. குழந்தைகளுக்கு உருவிவிட்டுத்தான் கொடுக்க வேண்டும்.

வாயில் வைக்க முடியாத உப்பு

பேக்கன் உப்பில் பதப்படுத்தியது. கடலுணவிலும் இயல்பாகவே உப்பு உண்டு. பாக்கெட் இறாலில் உப்புநீர் சேர்த்திருப்பதும் சாதாரணம். இதற்கு மேல் மசாலாக் கலவையில் உப்பு, சோயா சாஸில் உப்பு. நான் இந்தப் பலகாரத்துக்குத் தனியாக உப்பே போடுவதில்லை. மிளகு, பூண்டுப் பொடி, புகையிட்ட பாப்ரிகா, எலுமிச்சைத் தோல் துருவல், இவையே போதும்.

ஏற்கனவே வாங்கிய பேக்கன் ரொம்பக் கரிக்கிறது என்றால் கொதிக்கும் நீரில் ஒரு நிமிடம் போட்டு எடுத்துத் துடைத்துவிட்டு முன்வேக்காட்டுக்கு வையுங்கள். புகை மணம் கொஞ்சம் குறையும், உப்பும் இறங்கும். வெந்து முடிந்த பிறகுதான் உப்பு தெரிந்ததா? பரிமாறும்போது எலுமிச்சைச் சாறு பிழியுங்கள், பக்கத்தில் உப்பில்லாத தயிரோ புளித்த க்ரீமோ தொட்டுக்கொள்ள வையுங்கள். புளிப்பும் கொழுப்பும் சேர்ந்து கரிப்பை ஓரளவு அமுக்கும்.

வெளியே கருப்பு, கசப்பு

தேன், மேப்பிள் சிரப், பிரவுன் சுகர், பார்பிக்யூ சாஸ் ஏதாவது ஆரம்பத்திலேயே தடவியிருப்பீர்கள். சாதாரணச் சர்க்கரையே 160 டிகிரியைத் தாண்டினால் நிறம் மாறத் தொடங்கும். தேனில் இருக்கும் பழச்சர்க்கரை அதற்கும் முன்பே மாறும். ஓவன் 200-ல் இருக்கிறது. ஆகவே இனிப்பு எதுவானாலும் கடைசி 3 நிமிடத்தில் தடவுங்கள். மெல்லிசாக ஒரு பூச்சு, ஒன்றரை நிமிடம், இன்னொரு பூச்சு, ஒன்றரை நிமிடம். ஒரே தடவையில் கெட்டியாகத் தடவினால் வழிந்து ட்ரேயில் விழுந்து அங்கே கருகி, அந்தக் கசப்பு மணம் மேலே ஏறும்.

சமையலறை முழுக்கப் புகை

சொட்டிய கொழுப்பு சூடான ட்ரேயில் பரவிப் புகைகிறது. பன்றிக் கொழுப்பு 190 டிகிரியை ஒட்டிப் புகைய ஆரம்பிக்கும். நாம் அதற்கு மேலே ஓவனை வைத்திருக்கிறோம். ஓவனைப் பற்றவைக்கும் முன்பே அடி ட்ரேயில் கால் அங்குல உயரத்துக்குத் தண்ணீர் ஊற்றிவிட்டால் விழும் கொழுப்பு புகையாது. பேக்கனை முன்வேக்காடு செய்திருந்தால் சொட்டுவதே பாதியாகும். அதிகக் கொழுப்பு தேங்கிவிட்டால் பாதியில் வடித்துவிடுங்கள். அடியில் ஃபாயிலுக்குப் பதில் பார்ச்மென்ட் தாள் போடுபவர்கள் மேல் அனலைப் போடும்போது அதை எடுத்துவிட வேண்டும். பெரும்பாலான தாள்கள் 220 டிகிரி வரைதான் தாங்கும்.

ஒன்றை மட்டும் அழுத்திச் சொல்கிறேன். சூடான கொழுப்பு இருக்கும் ட்ரேயில் பாதியில் தண்ணீர் ஊற்றவே கூடாது, வெடித்துத் தெறிக்கும். உள்ளே தீப்பிடித்துவிட்டால் ஓவனை அணைத்துவிட்டுக் கதவைத் திறக்காமல் விடுங்கள். காற்று கிடைக்காமல் தானே அடங்கும்.

சிப்பி சுருங்கி, ஒன்றுமே இல்லாமல் போகிறது

பேக்கன் சுற்றிய சிப்பிக்கு (ஸ்காலப் அல்ல, ஆய்ஸ்டர்) ஒரு வரலாறு உண்டு. விக்டோரியா காலத்து இங்கிலாந்தில் விருந்தின் முடிவில் உப்புப் பலகாரமாக இதைப் பரிமாறினார்கள். ஏஞ்சல்ஸ் ஆன் ஹார்ஸ்பேக் என்று பெயர். அதை வாட்டிய ரொட்டித் துண்டின்மேல் வைத்துக் கொடுப்பது வழக்கம். ரொட்டி வெறும் அலங்காரம் என்று நான் நெடுநாள் நினைத்திருந்தேன். ரொட்டி இல்லாமல் செய்து பார்த்தபோதுதான் தெரிந்தது, சிப்பியிலிருந்து எவ்வளவு சாறு வருகிறது என்று. அந்தச் சாற்றை ரொட்டி குடித்துக்கொள்கிறது. பேக்கன் நனையாமல் இருக்கிறது, சுவையும் வீணாவதில்லை.

சிப்பி பெரும்பாலும் நீர்தான், கட்டாயம் சுருங்கும். அதனால் பெரிய சிப்பியாக எடுங்கள். ஓடு நீக்கி பாட்டிலில் வருவதானால் வடிகட்டித் துடையுங்கள். பேக்கனை வழக்கத்தைவிட ஒரு நிமிடம் கூடுதலாக முன்வேக்காடு செய்து, கால்வாசி துண்டால் மட்டும் சுற்றுங்கள். சிப்பியில் விப்ரியோ போன்ற கிருமிகள் இருக்க வாய்ப்புண்டு என்பதால் இதில் அரைவேக்காடு கூடவே கூடாது. ஓடு நீக்கிய சிப்பியை 230 டிகிரியில் 10 நிமிடம் வைப்பது அதே அமெரிக்க உணவு மற்றும் மருந்து நிர்வாகத்தின் பரிந்துரை. ஓரங்கள் பாவாடைச் சுருக்கம் மாதிரி நெளிந்து, சதை உப்பி உறுதியாகியிருந்தால் வெந்துவிட்டது. பேக்கனுக்கும் இந்தச் சூடும் நேரமும் நன்றாகவே ஒத்துப்போகிறது.

மீன் துண்டு உதிர்ந்துபோகிறது

காட் மாதிரி ஏடு ஏடாகப் பிரியும் மீன் இதற்கு வேண்டாம். சால்மன், மாங்க்ஃபிஷ், வாள்மீன் போன்ற கட்டிச் சதை மீனை 3 சென்டிமீட்டர் கனச்சதுரமாக வெட்டுங்கள். சால்மனில் வெள்ளையாகத் தயிர்க்கட்டி மாதிரி வெளியே வந்தால் அது ஆல்புமின் என்ற புரதம். சாப்பிடலாம், ஆனால் அது நிறைய வந்தால் வேக்காடு கொஞ்சம் தாண்டிவிட்டது, அடுத்த முறை 2 நிமிடம் முன்னதாக எடுங்கள்.

நடுவில் சில்லென்று இருக்கிறது

உள்ளே உறைந்தே இருந்திருக்கிறது. ஸ்காலப்பின் நடுவில் விரலால் அழுத்திப் பார்த்துவிட்டுச் சுற்றுங்கள். வெந்த ட்ரேயில் கண்டுபிடித்தால் ஃபாயிலால் தளர்வாக மூடி 180 டிகிரியில் 3 நிமிடம் வைத்து மறுபடி பாருங்கள்.

அம்மோனியா நெடி

இதற்கு வழிமுறை எதுவும் இல்லை. சமைத்தாலும் போகாது, எலுமிச்சை பிழிந்தாலும் போகாது. அத்தனையையும் கொட்டிவிடுங்கள். மூக்கைத் துளைக்கும் அந்த நெடி வேறு, சில கடல் இறால்களில் வரும் அயோடின் மாதிரியான மருந்து வாசனை வேறு. இரண்டாவது, இறால் தின்ற பாசி, புழுக்களிலிருந்து வரும் புரோமோஃபீனால் என்ற பொருளால் வருவது. பிடிக்காமல் போகலாம், கெட்டது என்று அர்த்தமில்லை.

ஏர் ஃப்ரையரிலும் கிரில்லிலும் மட்டும் தப்புகிறது

ஏர் ஃப்ரையரில் காற்று வேகமாகச் சுழலும் என்பதால் குத்தாமல் விட்ட பேக்கன் பறந்து மேல் கம்பியில் ஒட்டிப் புகையும். 200 டிகிரி வேண்டாம், 190 போதும். 7-வது நிமிடத்திலிருந்தே பாருங்கள். கூடைக்கு அடியில் இரண்டு கரண்டித் தண்ணீர் ஊற்றினால் புகை குறையும், உங்கள் மாடலின் கையேடு அதை அனுமதிக்கிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள்.

கிரில்லில் கொழுப்பு சொட்டிய இடத்தில் தீ குபீரென்று எழும்பும். கரியை ஒரு பக்கமாக ஒதுக்கி, மறுபக்கத்தில் துண்டுகளை வைத்து மூடி வேகவிட்டு, கடைசியில் மட்டும் நேரடி அனலுக்கு நகர்த்துங்கள்.

வான்கோழி பேக்கன் பயன்படுத்துபவர்களுக்கு எல்லாமே தலைகீழ். அதில் கொழுப்பு குறைவு, அதிகம் சுருங்காது, முன்வேக்காடும் வேண்டாம். ஆனால் காய்ந்து பட்டையாகிவிடும். சுற்றியதும் மேலே எண்ணெய் தடவுங்கள்.

தட்டில் வைத்த கால் மணி நேரத்தில் நமுத்துப்போகிறது

சூடாக எடுத்துக் கிண்ணத்தில் குவித்தால் ஆவியில் அதுவே நனையும். மூடி வைத்தாலும் அப்படித்தான். கம்பித் தட்டிலேயே இரண்டு நிமிடம் விட்டு, பிறகு அகலத் தட்டில் ஒற்றை வரிசையாக வையுங்கள். ஒரே நேரத்தில் அத்தனையும் வேகவைக்காமல் பாதிப் பாதியாக ஓவனுக்கு அனுப்புவது எனக்குப் பிடித்த வழி. முதல் தட்டு காலியாகும்போது இரண்டாவது வெளியே வரும்.

சுற்றி வைப்பதை முன்கூட்டியே செய்யலாம். ஆறிய பேக்கனில் சுற்றி, மூடி, ஃப்ரிட்ஜில் 4 மணி நேரம் வரை வைத்தால் ஒன்றும் ஆகாது. ஓவனில் ஒரு நிமிடம் கூட்டிக்கொள்ளுங்கள். ஆனால் எலுமிச்சைச் சாற்றை அப்போதே ஊற்றாதீர்கள், அமிலம் பட்ட இறால் சுடாமலே வெளுத்து இறுகும்.

வெந்ததை அறைச் சூட்டில் 2 மணி நேரத்துக்கு மேல் வைக்கக் கூடாது. 32 டிகிரிக்கு மேல் வெயில் காயும் நாளில், வெளியே வைத்தால், ஒரு மணி நேரம்தான். தட்டில் என்ன இருக்கிறது என்று வருபவர்களிடம் முன்பே சொல்லிவிடுங்கள். இறால் ஒவ்வாதவர்கள் இருப்பார்கள், பன்றி இறைச்சி உண்ணாதவர்கள் இருப்பார்கள். சுற்றிவிட்டால் உள்ளே இருப்பது கண்ணுக்குத் தெரியாது. அவர்களுக்குச் செய்வதைத் தனி ட்ரேயில், தனி இடுக்கியோடு செய்யுங்கள்.

மீந்ததை மூடிய டப்பாவில் ஃப்ரிட்ஜில் வைத்து மறுநாளே முடித்துவிடுங்கள். மைக்ரோவேவில் சூடாக்கினால் இறால் இறுகி, பேக்கன் தளர்ந்துபோகும். 180 டிகிரி ஓவனில் கம்பித் தட்டின்மேல் 4 அல்லது 5 நிமிடம் வைத்தால் பேக்கன் திரும்ப விறைக்கும். ட்ரேயில் மிஞ்சிய கொழுப்பைத் தொட்டியில் ஊற்றாதீர்கள், குழாயில் உறைந்து அடைத்துக்கொள்ளும். ஆறி வெள்ளையாக உறைந்ததும் ஃபாயிலோடு சுருட்டிக் குப்பையில் போட்டுவிடலாம்.